காற்றுக்குப் பெயரிட்ட மாதங்கள்

ஓர் ஆண்டினைப் பன்னிரண்டு கூறாகப் பகுப்பது கணிதர் தொழில். பகுத்த கூறுகளுக்குப் பெயரிடுவது புலவர் தொழில். மாதப் பெயர்கள் பெரும்பாலும் யார் இட்டவை, எப்பொழுது இட்டவை என்று அறியப்படாதன. முன்னோர் வழங்கினர், பின்னோர் வழங்குகின்றனர் என்னும் அளவிலே அவை நிலைபெறுகின்றன. ஒரு தனிப் புலவர் எழுந்து நின்று, இன்ன நாள் முதல் இன்ன மாதம் இன்ன பெயர் பெறுக என்று அவையோர் முன் கூறிய நிகழ்ச்சி மிக அரிது. அத்தகைய நிகழ்ச்சியொன்று 1793 ஆம் ஆண்டு ஒக்ரோபர் 24 ஆம் நாள் பாரிஸ் நகரில், பிரெஞ்சுக் குடியரசின் தேசிய அவையிலே நடைபெற்றது. பெயரிட்டவர் பாப்ர் தெக்லாந்தீன் என்னும் நாடகாசிரியர். அவரிட்ட பெயர்களுள் ஆறாவது வாந்தோஸ்; காற்று மாதம் என்பது பொருள்.

கற்பனை உலகங்களைப் படைத்துக் கதை கூறும் நூலாசிரியர் பலர் இக்காலத்தில் அவ்வுலகங்களுக்கென ஒரு நாட்காட்டியையும் படைத்து விடுகின்றனர். மழை மாதம், காற்று மாதம், பழ மாதம் எனப் பெயரிடுதல் அவருள் ஒரு வழக்காகவே ஆகிவிட்டது. அத்தகைய பெயரிடுதல் எங்கே உயிர் பெறுகின்றது, எங்கே வெறுஞ் சொல்லாய் நின்றுவிடுகின்றது என்பதை ஆராய்வதற்குப் பாப்ரின் நாட்காட்டி சாலவும் ஏற்றது. அது கதைக்காகச் செய்யப்படாது, உயிருள்ள மக்கள் மீது சட்டமாக விதிக்கப்பட்ட கற்பனை என்பதே காரணம்.

பாப்ர் பெருங்கவிஞரல்லர். மழை வருகின்றது, ஆடுகளை உள்ளே கொண்டு செல் என்று இடைச்சியொருத்தியை நோக்கிப் பாடும் எளிய பாட்டொன்று அவரது பெயரை இன்றுவரை பிரெஞ்சுச் சிறுவர் நடுவே நிலைநிறுத்தியுள்ளது. மழையையும் மந்தையையும் பாடிய அப்புலவரிடம் ஆண்டின் பன்னிரு மாதங்களும் ஒப்படைக்கப்பட்டன. கணிதப் பகுதியை ஏலவே கில்பேர் ரொம் என்பவரும் அவரோடு கூடிய அறிஞரும் முடித்திருந்தனர். மாதந்தோறும் முப்பது நாள். எஞ்சிய ஐந்து நாளும், மிகுநாளாண்டில் ஆறு நாளும், இறுதியிற் சேர்க்கப்படும். ஆண்டுத் தொடக்கம் இலையுதிர் காலத்துச் சமவிராநாள். அந்நாளே 1792 இல் குடியரசு பிரகடனஞ் செய்யப்பட்ட செப்டெம்பர் 22 ஆகவும் அமைந்தமை, புரட்சியாளருக்கு வானமே கையொப்பமிட்டது போல் தோன்றிற்று. முதலில் மாதங்கள் ஒன்று, இரண்டு என எண்ணாற் குறிக்கப்பட்டன. எண்களை மக்கள் நெஞ்சு பற்றாது என்பதை உணர்ந்தமையாலேயே புலவரை அழைக்க நேர்ந்தது.

பாப்ரின் திறமை ஒலியிலே வெளிப்பட்டது. இலையுதிர் கால மாதங்கள் மூன்றுக்கும் ஒரே ஈறு: வாந்தேமியேர், புரூமேர், பிரிமேர். முறையே திராட்சை அறுவடையும் மூடுபனியும் உறைகுளிரும் அவற்றாற் குறிக்கப்பட்டன. குளிர்கால மாதங்களுக்கு வேறோர் ஈறு: நிவோஸ், புளுவியோஸ், வாந்தோஸ், உறைபனி, மழை, காற்று. இளவேனிலுக்கு ஜெர்மினால், புளோரேயால், பிரேரியால். முளை, மலர், புல்வெளி. கோடைக்கு மெசிதோர், தெர்மிதோர், புருக்திதோர். கதிர் அறுவடை, வெப்பம், பழம். குளிர்காலத்தின் ஈறு நீண்டு கனத்து ஒலிக்கின்றது. இளவேனிலின் ஈறு குறுகித் துள்ளுகின்றது. கோடையின் ஈறு வாய் திறந்து முழங்குகின்றது. பருவத்தின் இயல்பை ஒலியாலேயே உணர்த்துவது தம் நோக்கமென்று அவரே அவையில் விளக்கினார். வல்லினமும் மெல்லினமும் செய்யுளிற் செய்யும் வேலையை அறிந்த தமிழ் மாணவன் இதனை எளிதிற் பாராட்டுவான். பன்னிரு சொற்களாலான ஒரு பாட்டு என்று கொண்டால், அது நல்ல பாட்டே.

மாதப் பெயரினும் நாட்பெயர் இன்னும் சுவையுடையது. ஆண்டின் ஒவ்வொரு நாளுக்கும் அடியார் பெயரை வழங்கிய திருச்சபை முறையை நீக்கி, ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடியோ பயிரோ உரியதாக்கப்பட்டது. பாரிஸ் தாவரத் தோட்டத்து அந்திரே துவேன் என்பார் இதிலே துணை நின்றார். ஐந்தில் முடியும் நாட்களுக்கு விலங்கின் பெயர். பத்து, இருபது, முப்பதாம் நாட்களுக்கு உழவர் கருவியின் பெயர். காற்று மாதத்தில் எட்டாம் நாள் வயலற் பூ. ஐந்தாம் நாள் கிடாய். பத்தாம் நாள் மண்வெட்டி. பதினைந்தாம் நாள் வெள்ளாடு. இருபத்தைந்தாம் நாள் சூரை மீன். உறைபனி மாதத்தில் நிலம் மூடிக் கிடப்பதால் அங்கே நிலக்கரியும் கற்களும் இடம் பெற்றன. அம்மாதத்து எட்டாம் நாள் எருவுக்கு உரியது. கிறிஸ்து பிறந்த நாளாகிய டிசெம்பர் 25, நாயின் நாளாயிற்று. இது தற்செயலோ வன்மமோ என்பது வாசகர் துணிபுக்கு உரியது. எனினும் அடியாரின் இடத்திலே மண்வெட்டியை வைத்த அத்துணிவில் ஓர் உண்மைக் கவியுள்ளம் இல்லையென்று கூறிவிட இயலாது. உழவன் கைக்கருவிக்கு ஆண்டிலே ஒரு நாளை ஒதுக்க வேண்டுமென்று அதற்கு முன்னர் எந்த அரசு எண்ணியது?

இவ்வளவு நலம் வாய்ந்த நாட்காட்டி எவ்விடத்திற் பிழைத்தது? பலரும் கூறும் விடை, மக்கள் பழக்கத்தை மாற்ற மாட்டார் என்பதாகும். அவ்விடை முழுமையானதன்று. பழக்கத்தை மக்கள் பன்முறை மாற்றியுள்ளனர். அதே அறிஞர் கூட்டம் அதே ஆண்டுகளில் வகுத்த மீற்றரும் கிராமும் உலகை வென்றன. ஆகவே குறை வேறிடத்தில் உளது. மீற்றருக்கு இடம் இல்லை. காற்றுக்கு இடம் உண்டு. எல்லா மக்களுக்கும் எல்லாக் காலத்துக்கும் உரியதெனப் பறைசாற்றிய நாட்காட்டி, பாரிஸ் நகரத்துச் சாளரத்தின் வழியே கண்ட வானிலையைத் தன் உயிராகக் கொண்டிருந்தது. ஆண்டின் முதல் நாளே பாரிஸ் வானாய்வு நிலையத்தின் உச்சிக்கோட்டினால் துணியப்பட்டது.

பாரிஸிற்கேனும் அது முற்றும் பொருந்திற்றோ எனின், அதுவும் இல்லை. மழை மாதமெனப்பட்ட புளுவியோஸ் ஜனவரி 20 அளவில் தொடங்கிப் பெப்ருவரி 18 அளவில் முடிவது. அந்நகரிலோ மழை ஆண்டு முழுவதும் ஏறத்தாழ ஒப்பப் பெய்வது. பெப்ருவரி மழை மிக்க மாதமன்று. தென்கரையிலுள்ள மார்செய் நகரத்தான் நிவோஸ் மாதத்தில் உறைபனியைக் காண்பது அரிது. எனினும் இவை சிறு வழுக்கள். நிலவுலகின் மறுபாதியில் உள்ள பிரெஞ்சுத் தீவுகளை நோக்குமிடத்துத்தான் குறையின் பருமை புலனாகும்.

இந்துமாக்கடலில் மடகஸ்காருக்குக் கிழக்கே கிடக்கும் ரெயூனியன் தீவு அக்காலத்துப் பிரெஞ்சு ஆட்சிக்கு உட்பட்டது. அது தென்னரைக் கோளத்தது. பருவங்கள் அங்கே தலைகீழ். உறைபனி மாதமென்று நாட்காட்டி கூறும் டிசெம்பர் இறுதியில் அங்கே கடுங்கோடை. வெப்ப மாதமாகிய தெர்மிதோரிலோ அத்தீவின் மலைகளிற் குளிர். ஒன்றையொன்று மறுத்து நிற்கும் இப்பன்னிரண்டு பெயர்களுள்ளே ஒரு பெயர் அங்கே வியக்கத்தக்க வகையில் மெய்யாகின்றது. பெப்ருவரி 19 முதல் மார்ச்சு 20 வரையுள்ள வாந்தோஸ் அத்தீவுகளுக்குச் சூறாவளிப் பருவம். கரும்புத் தோட்டங்களையும் குடிசைகளையும் வாரியெறியும் காற்று அக்காலத்ததே. பாரிஸ்ப் புலவர் குளிர்காலத்து ஈரத்தை உலர்த்தும் காற்றை மனங்கொண்டு இட்ட பெயர், அவர் காணாத தீவிலே, அவர் கருதாத பொருளிலே பொருந்திற்று. ஒரு சொல்லின் உண்மை அதனை இட்டவன் கையில் இல்லை என்பதற்கு இதனினும் சிறந்த சான்று கிடைப்பது அரிது.

புதுச்சேரி இந்நாட்காட்டியிலிருந்து தப்பியமை ஒரு சிறு தற்செயலே. மாதங்கள் பெயர் பெறுவதற்கு இரண்டு மாதங்களுக்கு முன், 1793 ஓகஸ்ட்டில், அந்நகரை ஆங்கிலேயர் கைப்பற்றினர். இன்றேல் மார்கழித் திங்களில் அங்கிருந்த எழுத்தர் நிவோஸ் என்று திகதியிட நேர்ந்திருக்கும். அச்சொல்லைப் பனிமாதம் என்று மொழிபெயர்த்தாற் பிழையொன்றுந் தோன்றாது. முன்பனிக் காலம் அதுதானே என்று தமிழர் அமைந்துவிடுவர். விடியற்காலையிற் புல்நுனியில் நிற்கும் நீர்த்துளியும், கூரையை மூடிக் கிடக்கும் வெண்பனியும் ஒரே சொல்லில் ஒடுங்கிவிடும். பெயர் ஒத்துப் பொருள் வேறாதல் என்னும் மயக்கம், காலநிலைச் சொற்களில் மிகுதியாக நேர்வது.

இந்நாட்காட்டியை எதிர்த்தோர் முதலிற் பழித்தது பெயர்களையல்ல, கிழமையையே. ஏழு நாட் கிழமை ஒழிந்து பத்து நாட் கூறு வந்தது. ஏழிலொரு நாள் ஓய்ந்த தொழிலாளி பத்திலொரு நாளே ஓய்தல் வேண்டியதாயிற்று. மண்வெட்டிக்கு ஒரு நாளைக் கொடுத்த அரசு, மண்வெட்டி பிடித்தவனிடமிருந்து ஓய்வு நாட்களை எடுத்துக்கொண்டது. ஓய்வு நாளின் மேற் கை வைப்பது எத்துணைக் கடினமான காரியம் என்பதை இலங்கையரும் ஒருமுறை அறிந்தனர். 1966 இல் ஞாயிறு விடுமுறை நீக்கப்பட்டு, சந்திரனின் நிலையையொட்டிய போயா நாட்கள் விடுமுறையாயின. கிழமையின் நீளம் மாறி மாறி வந்தது. வெளிநாட்டு வாணிகரின் கணக்கோடு அது இணங்காமையும் சேர, 1971 இல் ஞாயிறு மீண்டது. பிரான்சில் 1802 இலேயே ஞாயிறு மீட்கப்பட்டது. 1806 ஜனவரி முதல் நாள் குடியரசு நாட்காட்டி முழுவதும் கைவிடப்பட்டது. பாப்ர் அதனைக் காண இருக்கவில்லை. 1794 ஏப்பிரில் 5 ஆம் நாள், தாம் முளை மாதமென்று பெயரிட்ட ஜெர்மினாலின் பதினாறாம் நாளிலே, கொலைப்பொறியில் அவர் தலை வீழ்ந்தது.

பாப்ருக்கு ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் மாதங்களுக்குப் பெயரிட்ட பேரரசர் ஒருவர் இருந்தார். 814 இல் இறந்த சார்லமேன் மன்னரின் வரலாற்றை எழுதிய ஐன்ஹார்ட், அம்மன்னர் பன்னிரு மாதங்களுக்கும் பன்னிரு காற்றுகளுக்கும் தம் மொழியிலே பெயர் வகுத்தாரென்று குறித்துள்ளார். மாதங்களோடு காற்றுகளையும் ஒருங்கு வைத்து எண்ணியமை கருதத்தக்கது. அதற்கு முன்னர் அம்மக்கள் மொழியில் நான்கு காற்றுகளுக்கே பெயர் இருந்ததாம். மன்னர் வகுத்த முறை மிக எளியது: நாற்றிசைச் சொற்களையும் ஒன்றோடொன்று தொடுத்துக் கீழ்த்தென்காற்று, தென்கீழ்க்காற்று என்றாற்போலப் பன்னிரண்டாக்கினார். கவிதை அங்கே இல்லை. கடலோடிக்கும் உழவனுக்கும் வேண்டிய தெளிவு உண்டு. மாதப் பெயர்களுட் பல தொழிற் பெயர்கள்: தரிசு உழும் மாதம், வைக்கோற் புல் அறுக்கும் மாதம், கதிரறுக்கும் மாதம், விறகு மாதம். ஒக்ரோபருக்கு அவரிட்ட விண்டுமேமானோத் என்னும் பெயர் காற்றைக் குறிப்பது போல ஆங்கிலம் கற்றாருக்குத் தோன்றும். உண்மையில் அது திராட்சை அறுவடை குறித்த இலத்தீன் சொல்லின் வழிவந்தது. பாப்ரின் வாந்தேமியேரும் அதே வேரினது. ஒரே வேரினின்று தோன்றிய இரண்டு மாதப் பெயர்களுள் ஒன்று பேரரசரின் ஆணை, மற்றொன்று அரசரைக் கொன்ற அவையின் ஆணை!

இவ்விருவருக்கும் உள்ள வேறுபாடு ஆணையில் இல்லை. சார்லமேன் மக்கள் வாயில் ஏலவே வழங்கியவற்றைப் பெரும்பாலும் திரட்டி நிரல்படுத்தினார் என்றே கொள்ளத் தகும். அவர் பட்டியலிலுள்ள ஹோர்னுங் என்னும் பெப்ருவரிப் பெயரும் புல்லறுக்கும் மாதப் பெயரும் ஜெர்மானியர் நடுவே நூற்றாண்டுகள் பல வழங்கின. பாப்ரின் பெயர்கள் வழங்கியவை பதின்மூன்று ஆண்டுகளுக்கும் குறைவு. மாதப் பெயர்களாக இறந்தபின் அவை நிகழ்ச்சிப் பெயர்களாக மட்டும் பிழைத்தன. ரோபெஸ்பியேர் வீழ்ந்ததைத் தெர்மிதோர் என்றும், நெப்போலியன் ஆட்சி கவர்ந்ததைப் புரூமேர் என்றும் வரலாற்று மாணவர் இன்றுங் கூறுவர். சோலா தம் சுரங்கத் தொழிலாளர் நாவலுக்கு 1885 இல் ஜெர்மினால் எனப் பெயரிட்டார். வாந்தோஸுக்கு அவ்வாறு ஒரு நாவல் வாய்க்கவில்லை. அம்மாதத்தில், 1794 இல், புரட்சியின் பகைவர் சொத்தை ஏழைகளுக்குப் பகிர்வதென்று சட்டங்கள் இயற்றப்பட்டன. அவை பெரும்பாலும் ஏட்டளவில் நின்றன.

கதையுலக நாட்காட்டிக்கு வருவோர் இங்கிலாந்து அறிஞர் டோல்கீனை விட்டுச் செல்ல இயலாது. அவரது மூன்று பகுதிக் காவியக் கதையின் இறுதிப் பகுதி 1955 இல் வெளிவந்தது. அதன் பின்னிணைப்புகளுள் ஒன்று முழுவதும் நாட்காட்டி பற்றியது. கதை முடிந்தபின் இத்துணைக் கணக்கு எதற்கு என்று வாசகர் சிலர் சலித்துக்கொள்வதுண்டு. சலிக்காது படிப்போர்க்கு அங்கே விருந்து காத்திருக்கின்றது. அவ்வுலகில் மாதப் பெயர்கள் இரு தளத்தன. கற்றோரும் அரசரும் வழங்குபவை அவர் புனைந்த தேவமொழி ஒன்றிலுள்ளவை. அவற்றுள் இரண்டாம் மாதம் நேனிமே, மூன்றாம் மாதம் சூலிமே. முன்னது நீரைக் குறிக்கும் சொல்லினின்றும் பின்னது காற்றைக் குறிக்கும் சொல்லினின்றும் பிறந்தவை. பாப்ரின் புளுவியோஸும் வாந்தோஸும் அதே வரிசையில் அடுத்தடுத்து நிற்றல் ஒப்புநோக்கத்தக்கது.

மற்றைய தளம் குள்ளர் வாழும் சயர் நாட்டு உழவர் வழக்கு. இங்கே டோல்கீன் ஏறத்தாழ ஒன்றையும் புனையவில்லை. 725 அளவில் பீட் என்னும் துறவி குறித்துவைத்த பழைய ஆங்கில மாதப் பெயர்களை எடுத்து, ஆயிரமாண்டு மக்கள் நாவில் உருண்டிருந்தால் எவ்வாறு தேய்ந்திருக்குமோ அவ்வாறு தேய்த்து வழங்கினார். இறந்துபட்ட சொற்களுக்கு அவை வாழாத வாழ்வைக் கொடுத்தமை மொழியறிஞர் ஒருவரே செய்யத்தக்க செயல்.

அப்பின்னிணைப்பின் மிகச் சிறந்த இடம் ஒரு கேலியிலே உளது. சயர் நாட்டார் ஒக்ரோபரை வின்டர்பில்த் என்பர். அயலூராகிய பிரீயில் உள்ளோர் அச்சொல்லின் இறுதிப் பகுதி ஆங்கிலத்தில் அழுக்கைக் குறித்தலால், சேற்று நாட்டாருக்கு ஏற்ற மாதமென்று நகைப்பர். சயர் நாட்டாரோ, அது குளிர்காலத்துக்கு முன் ஆண்டு நிறைதலைக் குறித்த பழஞ்சொல், திரித்தவர் பிரீக்காரரே என்று மறுப்பர். ஊருக்கு ஊர் பெயர் வேறுபடுகின்றது. ஒருவர் பெயரை மற்றவர் பழிக்கின்றார். பழிப்புக்கு மறுப்பும் உளது. பாப்ரின் நாட்காட்டியையும் ஆங்கிலேயர் பழித்தனர். இரைப்பு மாதம், தும்மல் மாதம், வழுக்கல் மாதம் என்ற பொருள்பட எதுகை கூட்டி ஒரு பகடி அக்காலத்தில் இயற்றப்பட்டது. அப்பகடி வெளியிலிருந்து எய்த அம்பு. டோல்கீன் கேலியையும் தம் நாட்காட்டிக்கு உள்ளேயே விதைத்தார். தன்னை எள்ளி நகையாட இடங்கொடுக்கும் பெயர் ஊரார் வழங்கும் பெயராகத் தோன்றுகின்றது. எள்ளுதலைக் குற்றமாக்கும் பெயர் அரசிதழிலேயே கிடந்து மடிகின்றது.

வெற்றியையொட்டிக் காலக்கணிப்பை மாற்றுதலும் அக்கதையில் உண்டு. தீயோன் அழிந்த மார்ச்சு 25 ஆம் நாளினின்று புதிய அரசர் ஆண்டைத் தொடங்குகின்றார். 1792 செப்டெம்பரை நினைவூட்டும் செயல் அது. ஆயினும் சயர் நாட்டார் தம் பழைய கணக்கையே வைத்துக்கொள்கின்றனர். அரசரும் அதனை விட்டுவிடுகின்றார். பாரிஸ் அவை செய்ய மறுத்தது இதுவே.

டோல்கீனிடமும் குறையில்லாமலில்லை. கற்றோர் தளத்துப் பன்னிரு பெயர்களும் முதல் நோக்கில் அகராதிச் சொற்களாகவே நிற்கின்றன. சயர் நாட்டுப் பெயர்களில் உள்ள சேறும் கேலியும் அவற்றில் இல்லை. சூலிமே எவருக்கு என்ன காற்று என்று பின்னிணைப்புக் கூறுவதில்லை. ஆனால் கதையை மீண்டும் புரட்டினால் ஓர் உண்மை வெளிப்படும். அக்கதையின் பெரும்போர் நிகழ்வது மார்ச்சு 15 இல். கற்றோர் கணக்கிற் சூலிமே மாதம். பகைவன் அனுப்பிய இருள் நாட்கணக்காக வானை மூடியிருக்கின்றது. அரசராகவிருப்பவர் ஆற்றின் வழியே கப்பல்களைத் துடுப்புப் போட்டு மெல்ல மெல்ல ஏற்றி வருகின்றார். நேரத்துக்குச் சென்றடைவாரோ என்பது ஐயம். அப்பொழுது காற்றுத் திரும்புகின்றது. தென்கடலிலிருந்து எழுந்த காற்று இருளை உடைக்கின்றது; பாய்கள் நிறைகின்றன; கப்பல்கள் காலையிற் களம் சேருகின்றன. ஆசிரியர் இதனை எங்கும் மாதப் பெயரோடு முடிச்சுப் போட்டுக் காட்டவில்லை. எண்ணிச் செய்தாரா என்பது வேறு வினா. காற்று மாதம் காற்றினால் வென்ற மாதமாயிற்று என்பது மட்டும் நூலில் உள்ளது. காற்று யாரோ ஒருவருடைய பாயில் வந்து தங்கும்பொழுது அதன் பெயர் நிறைகின்றது. வாந்தோஸுக்குக் கிடையாதது அந்தப் பாய்.

பாய் என்னும் சொல் இந்துமாக்கடற் பக்கம் திருப்புகின்றது. இக்கடலிற் காற்றுக்கும் பருவத்துக்கும் உள்ள உறவு ஐரோப்பாவில் உள்ளதைவிட நெருக்கமானது. மொன்சூன் என்று ஆங்கிலத்தார் வழங்குஞ் சொல்லின் மூலம் மௌசிம் என்னும் அரபுச் சொல். அதற்குப் பருவம் என்பதே பொருள். கப்பலோட்டிகள் வாயிலே பருவமென்ற சொல் காற்றென்ற பொருளைப் பெற்றுவிட்டது. ஆண்டிற் பாதி ஒரு திசையினும் மறுபாதி எதிர்த்திசையினும் வீசுங் காற்றை உடைய கடலில் நாட்காட்டியை யாரும் புனைய வேண்டியதில்லை. யாழ்ப்பாணக் குடாநாட்டுக் கடற்றொழிலாளர் சோளகம், வாடை, கொண்டல், கச்சான் என்று வழங்குவன அத்தகையன. தென்மேற்கிலிருந்து சோளகம் வீசும் மாதங்களில் மேற்குக் கரைக் கடல் கொந்தளிக்கும். அக்கரையினர் பலர் கிழக்குக் கரைக்குச் சென்று வாடி அமைத்துத் தொழில் செய்வர். வாடை தொடங்கினால் மீள்வர். காற்றின் பெயரே இடத்தின் பெயரும் தொழிலின் பெயரும் ஆகிவிடுகின்றது.

பாப்ரிடம் கண்ட குறையைத் தமிழர் தம்மிடமும் தேடிப் பார்த்தல் நேர்மையாகும். பெரும்பொழுது ஆறென வகுத்த தொல்காப்பியம் அவற்றுக்கு மாதங் கூறவில்லை, கூறியோர் உரையாசிரியர். கார்காலம் ஆவணியும் புரட்டாசியும் என்பது அவர்கள் கொண்ட முறை. தென்மேற்குப் பருவமழையின் பயனை ஓரளவேனும் பெறும் நிலங்களுக்கு அது பொருந்தலாம். யாழ்ப்பாணத்திலோ மழையின் பெரும்பகுதி ஒக்ரோபர் முதல் டிசெம்பர் வரை, ஐப்பசி கார்த்திகையிலேயே பெய்கின்றது. ஆவணியில் இங்கே நிலம் வறண்டு கிடக்கும். சோளகம் புழுதியை வாரித் தூற்றும். காலபோக நெல்லை மழைக்கு முன்னரே காய்ந்த மண்ணில் விதைக்கும் வழக்கத்துக்குப் புழுதி விதைப்பு என்றே பெயர். கார்காலம் எது என்ற வினாவுக்கு ஆவணி, புரட்டாசி என எழுதி முழுப் புள்ளி பெறும் மாணவன், அதே வாரத்தில் வீட்டுக்குச் சென்று தந்தையோடு புழுதியில் விதைக்கின்றான். இரண்டுக்கும் உள்ள முரண் அவனுக்குத் தோன்றுவதில்லை. தோன்றினாலும் விடைத்தாளில் எழுத இடமில்லை.

இதனால் உரையாசிரியர் பிழைத்தனர் என்பது கருத்தன்று. அவர்கள் தம் நிலத்தை நோக்கி எழுதினர். அவர்கள் நிலத்துக்குரியதை எந்நிலத்துக்கும் உரியதாக மனனஞ் செய்விப்பதே பாப்ரின் அவை செய்த பிழையோடு ஒப்பது. கார் என்ற சொல்லைக் கற்பிக்கும் ஆசிரியர், அது எந்த மலையின் அடிவாரத்து மழை, எந்தக் காற்றுக் கொண்டுவந்த முகில் என்று ஒருமுறை சொல்லிவிட்டு, யாழ்ப்பாணத்திற் கார் எந்த மாதத்தில் வருகின்றது என்று வகுப்பை வினவினால், மாணவர் அரைமணி நேரம் ஓயாது பேசுவர். கடற்கரை ஊரிலிருந்து வரும் மாணவன் அன்று முதன்முறையாகப் பிறர்க்குக் கற்பிப்பான். சோளகம் சில ஆண்டுகளில் முந்தித் தொடங்கும். சில ஆண்டுகளில் வைகாசி நடுவரை தாழ்க்கும். அவன் வீட்டார் அதற்காக நாட்காட்டி பிழையென்று கூறுவதில்லை. சோளகம் இன்னும் தொடங்கவில்லை என்று சொல்லி, வலையைப் பொத்திக்கொண்டு இருப்பர்.